வாதத்துக்கு நின்ற உயில் வழக்கில் புதிய சாட்சி

தந்தை இறந்த பின் மகள்கள் பாகப்பிரிவினை கேட்டு வழக்குப் போடுவதும், மகன் ஓர் உயிலை எடுத்து நீட்டுவதும் தமிழகத்துச் சார்பு நீதிமன்றங்களுக்குப் பழகிப்போனவை. இரு தரப்புச் சாட்சியமும் முடிந்து இறுதி வாதத்துக்கு வாய்தா போட்ட பிறகு, இன்னும் ஒருவரை விசாரிக்க வேண்டும் என்று ஒரு மனு வரும். இழுத்தடிக்கும் வேலை என்று எதிர்த்தரப்பு சொல்லும். பல நேரங்களில் அது உண்மையும்கூட. ஆனாலும், மனு எவ்வளவு தாமதம் என்பதைவிட, அந்தச் சாட்சி எதைச் சொல்ல அழைக்கப்படுகிறார் என்பதையே நீதிமன்றம் முதலில் பார்க்க வேண்டும்.

காரணம், உயிலை மற்ற ஆவணங்களைப் போல மெய்ப்பிக்க முடியாது. 1925ஆம் ஆண்டின் இந்திய வாரிசுரிமைச் சட்டம் 63ஆம் பிரிவின்படி, குறைந்தது இரண்டு பேர் அதில் சான்றொப்பம் இட்டிருக்க வேண்டும். அவர்களில் உயிரோடு இருந்து, வந்து சொல்லக்கூடிய ஒருவரையாவது கூண்டில் ஏற்றியாக வேண்டும் என்றது பழைய சாட்சியச் சட்டம். 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய சாக்ஷிய அதினியமும் 67ஆம் பிரிவில் அதையே சொல்கிறது. பதிவு செய்த உயிலுக்கும் விலக்கில்லை. பதிவாளர் முத்திரை போதும் என்று நம்பி வருபவர்கள் இங்கேதான் சறுக்குகிறார்கள். வருகிற ஒரே சாட்சி, தன் கையெழுத்தோடு மற்றவரும் முறைப்படி கையெழுத்திட்டதைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். ஜானகி நாராயண் போயிர் வழக்கில் வந்தவர் அதைச் சொல்லவில்லை. இன்னொருவர் உயிரோடு இருந்தும் அழைக்கப்படவில்லை. உயில் மெய்ப்பிக்கப்படவில்லை என்று உச்ச நீதிமன்றம் முடிவு செய்தது. இரண்டாமவர் தேவை என்பது, முதல் சாட்சி தடுமாறிய பிறகே பல குடும்பங்களுக்குத் தெரியவருகிறது.

உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 16, எழுவினாக்கள் வனையப்பட்ட 15 நாளுக்குள் சாட்சிப் பட்டியல் தரச் சொல்கிறது. விட்டுப்போனவரைப் போதிய காரணம் காட்டி அழைக்க அதே கட்டளை இடம் தருகிறது. அனுமதிக்கும் நீதிபதி காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும். பிந்தித் தெரியவந்த சாட்சியத்துக்கென இருந்த தனி விதி 2002இல் நீக்கப்பட்டது. ஆனாலும் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் போய்விடவில்லை என்று 2005இல் சேலம் வழக்கறிஞர் சங்க வழக்கிலும், 2011இல் வேலுசாமி எதிர் பழனிசாமி வழக்கிலும் உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. வழக்கில் விழுந்த ஓட்டையை அடைக்க அந்த அதிகாரம் பயன்படக் கூடாது என்ற எச்சரிக்கையும் பின்னதில் உண்டு.

இரண்டாவது சான்றொப்பச் சாட்சியை அழைப்பதும் ஓட்டை அடைப்பதுதானே என்று கேட்கலாம். வலுவான கேள்வி, உயிலில் பெயர் உள்ளவரை முதலிலேயே அழைத்திருக்கலாம்தான். ஆனால் ஒருவர் போதும் என்று சட்டமே சொல்லும்போது, ஒருவரோடு நிறுத்தியதை மன்னிக்க முடியாத அலட்சியம் என்று தள்ளிவிட முடியாது. அவர் பெயர் முதல் நாளிலிருந்தே ஆவணத்தில் இருக்கிறது. எதிர்த்தரப்புக்கு அதிர்ச்சி ஏதுமில்லை. தந்தையின் விருப்பம் என்னவென்று திடீரென நினைவுக்கு வந்த பக்கத்து வீட்டுக்காரர் கதை வேறு. குறுக்கு விசாரணையில் வெளிவந்ததைப் பார்த்துவிட்டுத் தயாரிக்கப்படும் அப்படிப்பட்ட சாட்சியைத் தயங்காமல் மறுக்க வேண்டும்.

பங்குக்காகக் காத்திருக்கும் மகள்களுக்கு ஒவ்வொரு வாய்தாவும் இழப்பு. அதை நான் சிறிதாக எண்ணவில்லை. அதற்கு மருந்து நிபந்தனைகளில் இருக்கிறது: ஒரே தேதி, உறைக்கும் செலவுத் தொகை, முதியவரானால் வீட்டுக்கே போய் விசாரிக்க வழக்கறிஞர் ஆணையர், எதிர்த்தரப்புக்கு மறுப்புச் சாட்சியம் தர வாய்ப்பு. தேவையான சாட்சியைக் கதவடைத்து அனுப்பினாலும் காலம் மிச்சமாகாது. ஏற்றிருக்க வேண்டிய சாட்சியத்தை விசாரணை நீதிமன்றம் மறுத்திருந்தால், கட்டளை 41 விதி 27இன்படி மேல்முறையீட்டில் அதே கோரிக்கை மீண்டும் எழும். அதற்குள் சான்றொப்பமிட்ட இருவருமே இறந்திருந்தால், அவர்களில் ஒருவரின் கையெழுத்தையும் உயில் எழுதியவரின் கையெழுத்தையும் அடையாளம் காட்ட வேறு ஆளைத் தேட வேண்டியிருக்கும்.