பூட்டை உடைத்தவர்கள் போட்ட மெட்டு

2004இல் ஜெர்மனியின் ‘பிசி வெல்ட்’ இதழ் ஒரு வேடிக்கையைக் கண்டுபிடித்தது. விண்டோஸ் எக்ஸ்பியோடு மைக்ரோசாஃப்ட் கொடுத்த சில ஒலிக்கோப்புகளை நோட்பேடில் திறந்தால், கடைசி வரியில் ‘டீப்ஜோன்’ என்றொரு பெயர். சவுண்ட் ஃபோர்ஜ் 4.5 என்ற மென்பொருளில் உருவான கோப்புகள் அவை. டீப்ஜோனோ, இசை மென்பொருள்களின் பூட்டை உடைப்பதில், அதாவது ‘க்ராக்’ செய்வதில் பேர்போன ‘ரேடியம்’ குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர். கள்ள நகலுக்கு எதிராக ஓயாமல் பேசிய நிறுவனத்தின் வீட்டுக்குள்ளேயே கள்ளச் சாவி!

ரேடியம், எச்2ஓ, ஏர், ஆர்2ஆர் போன்ற குழுக்களுக்குக் காசைவிடப் பேர்தான் பெரிது. யார் முதலில் உடைப்பது, யார் சுத்தமாக உடைப்பது என்பதில்தான் போட்டி. சீரியல் நம்பர் தயாரித்துத் தரும் ‘கீஜென்’னைத் திறந்தால் பழைய வீடியோ கேம் பாணியில் ஒரு மெட்டு சுழன்று சுழன்று ஒலிக்கும். சில கிலோபைட்டுக்குள் அடங்கும் அந்த இசை, அமிகா கணினிக் காலத்து வாரிசு. அந்த மெட்டுகளுக்காகவே கீஜென்களைச் சேகரிப்பவர்கள் உண்டு. கூடவே வரும் குறிப்பில், ‘பிடித்திருந்தால் வாங்கிவிடுங்கள்’ என்ற உபதேசமும் பல சமயம் இருக்கும். சாவியையும் கொடுத்துவிட்டு உபதேசம் வேறு!

ஸ்டைன்பெர்க் நிறுவனம் தன் இசை மென்பொருளான க்யூபேஸுக்கு, கணினியில் செருகினால்தான் திறக்கும் யுஎஸ்பி டாங்கிள் பூட்டு போட்டது. க்யூபேஸ் எஸ்எக்ஸ் 3இல் அதையும் எச்2ஓ உடைத்தது. டாங்கிள் தொலைந்தால் தவித்தவர்கள் காசு கொடுத்து வாங்கியவர்கள்தான். 2022இல் க்யூபேஸ் 12 வந்தபோதுதான் அந்தத் தொல்லை ஒழிந்தது.

க்ராக் பயன்படுத்துபவர்கள் சொல்லும் ‘கையில் காசில்லை’ என்ற சமாதானத்தில் உண்மை இருக்கிறது. ஆனால் 2016இல் ராப் பாடகர் கான்யே வெஸ்ட் ட்விட்டரில் போட்ட ஒரு ஸ்கிரீன்ஷாட்டில், கள்ள நகல்கள் கிடைக்கும் ‘பைரேட் பே’ தளத்தில் ‘சீரம்’ என்ற சிந்தசைசர் மென்பொருளைத் தேடிய சுவடு தெரிந்தது. அப்போது அதன் விலை 189 டாலர். எழுதியவர் ஸ்டீவ் டூடா. மைக்ரோசாஃப்ட் மாதிரி மலையல்ல அவருடைய நிறுவனம். அதன் கூட்டாளியான இசைக்கலைஞர் டெட்மவுஸ் வெளிப்படையாகவே கிண்டலடித்தார். என் கணக்கில், காசில்லாத பையனை மன்னிக்கலாம்; கான்யேவை முடியாது.

காசில்லாதவர்களுக்கு வழியாக, சீரத்தை மாதத் தவணையில் சொந்தமாக்கும் வசதி பிறகு பரவியது. ‘ரீப்பர்’ என்ற இசைப்பதிவு மென்பொருள் போன வழி வேறு. 60 நாள் இலவசம். அதற்குப் பிறகும் நின்றுவிடாது. திறக்கும்போதெல்லாம் காசு கேட்கும், அவ்வளவுதான். அதன் மூலம் ஆண்டுக்கு 20,000 டாலருக்குள் சம்பாதிப்பவருக்கு 60 டாலர், மேலே போனால் 225.