திருத்துங்க சார், திருத்துங்க!

போன வாரம் ராத்திரி கண் முழித்து எழுதிய ரிப்போர்ட்டை மேனேஜர் 'லேசா' திருத்திக் கொடுத்தார். என்னுடையது என்று அதில் மிஞ்சியது தேதி மட்டும்தான்! கடுப்போடு வீட்டுக்கு வந்து ஒரு ஜப்பானியப் படத்தைப் போட்டேன்... அரை மணியில் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தேன்.

படம் 'ரேடியோ நோ ஜிகான்' (1997). எழுதி இயக்கியவர் கோகி மிதானி. காலேஜில் படிக்கும்போதே, 1983-ல், 'டோக்கியோ சன்ஷைன் பாய்ஸ்' என்று நாடகக் குழு ஆரம்பித்த ஆசாமி.

1993-ல் ஒரு டி.வி. தொடருக்கு எழுதினார். காமெடியையெல்லாம் உருவிவிட்டு சீரியஸாக எடுத்துவிட்டார்கள். நாமாக இருந்தால் டீக்கடையில் நின்று புலம்பியிருப்போம். மனுஷன் அந்த வயிற்றெரிச்சலையே நாடகமாக்கினார். அதுதான் இந்தப் படம்.

ஒரு இல்லத்தரசி எழுதிய ரேடியோ நாடகம், நேரடி ஒலிபரப்பு. கடைசி நிமிஷத்தில் ஹீரோயின், 'எனக்கு மேரி ஜேன்னு பேர் வேணும்' என்கிறாள். அவ்வளவுதான்! ஜப்பானியக் கடற்கரைக் கதை அமெரிக்காவுக்குப் போகிறது. மீனவன் பைலட் ஆகிறான். கதை சிகாகோவுக்கு நகர்ந்ததும், 'அங்கே கடல் ஏது?' என்று ஒருத்தர் கேட்க, 'அப்போ அணையை உடை!'

நொந்துபோன அந்தப் பெண், என் பேரையே படிக்காதீங்க என்கிறாள். நானும் எல்லா நிகழ்ச்சியிலும் மனசாரப் பேர் போட்டுக்கொள்வதில்லை என்று தயாரிப்பாளர் பதில் சொல்லும்போது, எனக்குச் சிரிப்பு நின்றுவிட்டது. மேனேஜரின் மேனேஜர் ஞாபகத்துக்கு வந்தார்.

'சிரிப்புப் பல்கலைக்கழகம்' (படமாக 2004) இன்னும் ஒரு படி மேலே. 1940, யுத்த காலம். நாடக ஆசிரியரிடம் தணிக்கை அதிகாரி தினமும் ஒன்றை வெட்டச் சொல்கிறார். அவரும் மறுக்காமல் மாற்ற மாற்ற, நாடகம் இன்னும் தமாஷாகிறது! சிரிக்கவே தெரியாத அதிகாரி, தானே நடித்துக் காட்டும் அளவுக்குப் போகிறார். அப்போது பார்த்து ஆசிரியருக்கு ராணுவத்திலிருந்து அழைப்பு...

துப்பறியும் 'ஃபுருஹதா நின்ஸாபுரோ' (1994) இவருடைய சூப்பர் ஹிட் தொடர். 2004, 2016, 2022 என மூன்று முறை பொதுத் தொலைக்காட்சியின் வருஷம் முழுக்க ஓடும் சரித்திரத் தொடரையும் எழுதியிருக்கிறார்.

திங்கட்கிழமை மேனேஜர் கூப்பிட்டார். "அந்த ரிப்போர்ட்ல ஒரு சின்ன சேஞ்ச்ப்பா..."

தேதியும் போச்சு!