தடை கடந்த கால்கள்

நுழையும்முன்

விரைவோட்டத்தில் வெற்றியை முடிவுசெய்வது நொடியின் சிறு பகுதியே. அதற்குப் பின்னால் பல்லாண்டு உழைப்பும் ஒரு குடும்பத்தின் பொறுமையும் இருக்கின்றன. நடப்பதே அரிது எனக் கருதப்பட்ட சிறுமி ஒருத்தி, உலகின் அதிவிரைவுப் பெண்ணாக உயர்ந்த வரலாற்றை இப்பாடம் விளக்குகிறது.

இளமையும் நோயும்

வில்மா ருடால்ஃப், அமெரிக்காவின் டென்னசி மாநிலத்தில் 1940ஆம் ஆண்டு ஜூன் 23 அன்று குறைமாதக் குழந்தையாகப் பிறந்தார். தந்தையின் இருபத்திரண்டு குழந்தைகளுள் அவர் இருபதாமவர். நிமோனியாவால் வாடிய அக்குழந்தையை இளம்பிள்ளைவாதமும் தாக்கியது, இடக்கால் வலுவிழந்தது.

அவர்கள் வாழ்ந்த கிளார்க்ஸ்வில் நகரில் கறுப்பினத்தவர்க்குக் கிடைத்த மருத்துவ வசதி மிகக் குறைவு. எனவே, அன்னை பிளாஞ்ச் தம் மகளை ஏறத்தாழ 80 கிலோமீட்டர் தொலைவிலிருந்த நாஷ்வில் நகரின் மெஹாரி மருத்துவக் கல்லூரிக்கு வாரந்தோறும் பேருந்தில் அழைத்துச் சென்றார். அப்பேருந்திலும் கறுப்பினத்தவர் பின்னிருக்கைகளிலேயே அமர வேண்டியிருந்தது. வீட்டில் அன்னையும் உடன்பிறந்தோரும் நாள்தோறும் முறைவைத்து அவருடைய காலை நீவிவிட்டனர். உலோகத் தாங்கியுடன் நடந்த வில்மா, பன்னிரண்டு வயதளவில் துணையின்றி நடக்கும் நிலையை எய்தினார்.

களம் கண்ட வேகம்

பள்ளியில் கூடைப்பந்து ஆடிய வில்மாவின் வேகத்தைக் கண்டறிந்தவர், டென்னசி மாநிலப் பல்கலைக்கழகப் பயிற்றுநர் எட் டெம்பிள். அவரிடம் பயின்ற வில்மா, 1956இல் மெல்போர்ன் ஒலிம்பிக்கில் 4×100 மீட்டர் தொடரோட்டத்தில் வெண்கலம் வென்ற அணியில் இடம்பெற்றார். அப்போது அவருக்கு அகவை பதினாறு.

நான்காண்டுகளுக்குப்பின், 1960ஆம் ஆண்டு ரோம் ஒலிம்பிக்கில் 100 மீட்டர் ஓட்டத்தை 11.0 நொடியில் கடந்து தங்கம் வென்றார். பின்னிருந்து வீசிய காற்றின் வேகம் விதித்த அளவைக் கடந்திருந்ததால், அந்நேரம் உலகச் சாதனையாக ஏற்கப்படவில்லை. 200 மீட்டரிலும் தங்கம் அவருக்கே கிடைத்தது. தொடரோட்ட இறுதிப் போட்டியில், கடைசியாக ஓடிய வில்மாவிடம் கோல் கைமாறும்போது தடுமாற்றம் நேர்ந்தது. எனினும், முன்சென்றவரை விரட்டிப் பிடித்து அணியை வெல்லச் செய்தார். ஒரே ஒலிம்பிக்கின் தடகளப் போட்டிகளில் மூன்று தங்கம் வென்ற முதல் அமெரிக்கப் பெண் என்னும் பெருமை அவரைச் சேர்ந்தது.

நான்காவது வெற்றி

வெற்றியுடன் திரும்பிய வில்மாவுக்குக் கிளார்க்ஸ்வில் பாராட்டு விழா எடுக்க முனைந்தது. நிறத்தின் அடிப்படையில் மக்களைப் பிரித்து அமர்த்தும் விழாவில் தாம் பங்கேற்கப்போவதில்லை என வில்மா உறுதியாகக் கூறினார். நகரம் அவர் சொல்லுக்கு இணங்கியது. 1960 அக்டோபர் 4 அன்று நடந்த பேரணியிலும் விருந்திலும் இரு இனத்தவரும் ஒன்றாகக் கலந்துகொண்டனர். அந்நகர வரலாற்றில் அத்தகைய பொதுநிகழ்வு அதுவே முதன்முறை.

ஓட்டத்திற்குப் பின்

1961இல் ஸ்டுட்கார்ட் நகரில் 100 மீட்டரை 11.2 நொடியில் ஓடி உலகச் சாதனை படைத்த வில்மா, மறு ஆண்டே போட்டிகளிலிருந்து விலகினார். பின்னர் ஆசிரியராகவும் பயிற்றுநராகவும் பணியாற்றினார். 1981இல் இளையோர்க்காகத் தம் பெயரில் அறக்கட்டளை ஒன்றை நிறுவினார். 1994 நவம்பர் 12 அன்று ஐம்பத்து நான்காம் அகவையில் மறைந்தார். ஒரு காலத்தில் அவர் தாங்கியுடன் நடந்த கிளார்க்ஸ்வில் நகரில், இன்று ஒரு பெருஞ்சாலை அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.