இறந்தவரின் சிம்மை உடனே தூக்கிப் போடாதீர்கள்

சிவகாசியை ஒட்டிய விஸ்வநத்தம் பட்டாசுத் தொழிலை நம்பி வாழும் ஊர். இந்த வட்டாரத்தில் சாவு சொல்லிக்கொண்டு வருவதில்லை. 2012 செப்டம்பர் 5 அன்று முதலிப்பட்டி பட்டாசு ஆலை விபத்தில் மட்டும் 30-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள்.

சம்பாதிக்கிறவர் திடீரென்று போய்விட்டால், அவருடைய வரவு செலவு முழுக்க இன்று கைபேசிக்குள் இருக்கிறது. பட்டாசு வியாபாரி என்றால் தீபாவளி ஆர்டரும் பாக்கிக் கணக்கும் வாட்ஸ்அப்பில். காலண்டர் அச்சகக்காரர் என்றால் டிசைன்கள் ஜிமெயிலில்.

காரியம் முடிந்ததும் பலர் ரீசார்ஜை நிறுத்திவிடுகிறார்கள். அது தவறு. எந்த வங்கியில் கணக்கு, எங்கே காப்பீடு, எதற்குத் தவணை என்பதை அந்த எண்ணுக்கு வரும் குறுஞ்செய்திகள்தான் காட்டிக்கொடுக்கும். 90 நாள் பயன்படுத்தாத பிரீபெய்டு எண் துண்டிக்கப்படலாம். பிறகு அது வேறொருவர் கைக்குப் போகலாம். 120 நாள் திறக்காத வாட்ஸ்அப் கணக்கு பொதுவாக அழிக்கப்படும்.

பின் நம்பர் தெரியும் என்பதற்காக அவர் கணக்கிலிருந்து ஜிபேயில் பணம் எடுக்கவும் கூடாது. மற்ற வாரிசுகள் புகார் கொடுத்தால் வழக்காகிவிடும். இறப்புச் சான்றிதழோடு வங்கிக்குப் போவதே முறை. நாமினி இல்லாவிட்டால், இ-சேவை மையத்தில் விண்ணப்பித்து வாரிசுச் சான்றிதழ் வாங்க வேண்டியிருக்கும்.

பணத்துக்கு மட்டுமல்ல, சமூக ஊடகக் கணக்குக்கும் வாரிசுக் கேள்வி எழுகிறது. ஜெர்மனியில் 2012-இல் ரயில் மோதி இறந்த 15 வயதுச் சிறுமியின் ஃபேஸ்புக் கணக்கைப் பார்க்க, பெற்றோர் உச்ச நீதிமன்றம் வரை போராடினார்கள். கடிதமும் நாட்குறிப்பும் வாரிசுகளுக்குச் சேர்வதுபோல் இந்தக் கணக்கும் சேரும் என்று 2018 ஜூலையில் தீர்ப்பு வந்தது. இந்தியாவில் 2023-இன் தரவுப் பாதுகாப்புச் சட்டம், நம் மறைவுக்குப் பின் நம் தரவு உரிமைகளைக் கையாள ஒருவரை நியமிக்கும் உரிமையைச் சேர்த்திருக்கிறது.

உயிரோடு இருக்கும்போதே சில ஏற்பாடுகளைச் செய்துவைத்தால் இந்த அலைச்சல் குடும்பத்துக்கு வராது. நாம் இத்தனை மாதம் கணக்கைத் தொடாவிட்டால் யாருக்குத் தகவல் போக வேண்டும் என்று கூகுளில் குறித்து வைக்கலாம். பத்துப் பேர் வரை சேர்க்கலாம். ஃபேஸ்புக்கிலும் ஆப்பிளிலும் இதுபோன்ற வசதி உண்டு. 2025 நவம்பர் முதல் வங்கிக் கணக்குக்கு நான்கு நாமினிகள் வரை போடலாம்.

ஆலையில் பி.எஃப். பிடித்தம் உள்ளவர்கள் யுஏஎன் தளத்தில் இ-நாமினேஷனை உடனே முடியுங்கள். பணியில் இருக்கும்போது இறந்தால் பி.எஃப். சார்ந்த காப்பீட்டில் 7 லட்சம் ரூபாய் வரை கிடைக்கும். எங்கெங்கே கணக்கு இருக்கிறது என்பதை ஒரு நோட்டில் எழுதி, வீட்டில் ஒருவரிடமாவது சொல்லி வையுங்கள்.