கேமராவுக்குப் பின்னால் ஓர் ஊர்

பிரான்சில் பேசும்படம் வந்த புதிதில் அதை ஐயத்தோடு நோக்கியவர் இயக்குநர் ரெனே கிளேர். உரையாடல் பெருகினால் காட்சிக்கலை அழிந்துவிடும் என அஞ்சினார். ஆயினும் ஒலியை ஒதுக்காமல் அதனோடு விளையாடினார். 1930இல் வெளிவந்த ‘பாரிஸ் கூரைகளின் கீழ்’ படத்தில் கண்ணாடிக் கதவுக்கு அப்பால் மனிதர்கள் பேசுவது தெரியும், பேச்சு கேட்காது. அடுத்த ஆண்டின் ‘மில்லியன்’ படத்தில் ஒரு கோட்டுக்காக நடக்கும் அடிபிடியின் பின்னணியில் விளையாட்டுப் போட்டியின் ஆரவாரம் ஒலிக்கும். ‘நீங்கள் பார்ப்பது படம்தான்’ என்று படமே நம் தோளைத் தட்டிச் சொல்லும் உத்தி இது.

தமிழின் முதல் பேசும்படமான ‘காளிதாஸ்’ வெளிவந்ததும் அதே 1931இல்தான். ஆனால், இந்த உத்தியின் சுவையை நான் முதலில் அறிந்தது 1964இல் வந்த இரு தமிழ்ப் படங்களில். ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’யில் நாகேஷ் தாம் எடுக்கப்போகும் படத்தின் கதையை பாலையாவிடம் சொல்வார். காற்று, காலடி, கதவு எல்லாம் அவர் வாயிலிருந்தே பிறக்கும். எடுக்கப்படாத அந்தப் படத்தைக் கேட்டே பாலையா நடுங்குவார். கிளேர் பார்த்திருந்தால் எழுந்து நின்று கைதட்டியிருப்பார் என்பது என் துணிபு. ‘சர்வர் சுந்தரம்’ ஒரு பாடலின் ஒலிப்பதிவுக் கூடத்தையே திரையில் காட்டியது, எம்.எஸ்.விஸ்வநாதன் இசைக்குழுவை நடத்த, டி.எம்.சௌந்தரராஜன் ஒலிவாங்கி முன் நின்று பாடுவார்.

வருசநாட்டில் வாழும் எனக்கு இவற்றைவிட முக்கியமானது 1980இல் நிவாஸ் இயக்கிய ‘கல்லுக்குள் ஈரம்’. படப்பிடிப்புக் குழு ஒன்று கிராமத்துக்கு வருகிறது. அதன் இயக்குநராக நடித்தவர் எங்கள் மாவட்டத்து அல்லிநகரத்தில் பிறந்த பாரதிராஜா. இசை, பண்ணைப்புரத்து இளையராஜா. ‘16 வயதினிலே’ படத்தில் பாரதிராஜாவுக்கு ஒளிப்பதிவு செய்தவர் நிவாஸ். கிராமத்தை ஸ்டுடியோவுக்கு வெளியே கொண்டுவந்தவர்களே, கேமரா நுழைந்தால் கிராமத்துக்கு என்ன நேரும் என்று தம்மையே கேட்டுக்கொண்ட படம் இது. வந்தவர்கள்மீது ஊர்ப் பெண்கள் மனம் வைக்கிறார்கள். வந்தவர்களுக்கோ அது வேலை நடக்கும் இடம்.

பொருளியலில் இதைப் புறவிளைவு என்போம். ஒப்பந்தத்தில் இல்லாத மூன்றாமவர் சுமக்கும் செலவு. வீட்டுக்கு வாடகை பேசலாம், மாட்டுவண்டிக்கும் பேசலாம். ஓர் இளம்பெண்ணின் எதிர்பார்ப்பை எந்தப் பற்றுச்சீட்டில் எழுதுவது? வைகை பிறக்கும் எங்கள் மலைகளை அழகிய பின்னணியாக மட்டும் பார்ப்பவர்களிடம் இக்கேள்வியைக் கேட்கத் தோன்றுகிறது.

தேனி மாவட்டக் கல்லூரிகள் இம்மூன்று தமிழ்ப் படங்களையும் அடுத்தடுத்துத் திரையிடலாம். காட்சித் தொடர்பியல் மாணவர்களோடு பொருளியல் மாணவர்களையும் அழைக்க வேண்டும்.