உங்கள் லைசென்ஸ் என்ன சொல்கிறது?

பௌர்ணமிக்கு முதல் நாள் சாயங்காலம். ரமணாசிரமத்தைத் தாண்டிச் செங்கம் ரோடில் கிரிவலக் கூட்டம் சேர ஆரம்பித்திருந்தது. எங்கள் பக்கத்து வீட்டு அக்கா, பையனை டியூஷனில் விட்டுவிட்டு ஸ்கூட்டரில் திரும்பிக்கொண்டிருந்தார். குறுக்கே ஒரு நாய் ஓடியது. பிரேக் போட்டார், வண்டி சறுக்கியது.

ஹெல்மெட் போட்டிருந்ததால் தலை தப்பியது. ஆனால் அதிர்ச்சியில் கொஞ்ச நேரம் பேச்சே வரவில்லை. டீக்கடைக்காரர்கள் தூக்கி நிழலில் உட்கார வைத்தார்கள். வீட்டுக்குச் சொல்லலாம் என்றால் செல்போன் பூட்டிக் கிடக்கிறது. பர்ஸைத் திறந்தார்கள். லைசென்ஸ் கிடைத்தது. அதில் அப்பா பெயர், வேலூர் விலாசம். "வேலூர்க்காரம்மா போலிருக்கு, கிரிவலத்துக்கு வந்தவங்க" என்று முடிவு கட்டிவிட்டார்கள்! அந்த அப்பா காலமாகி ஏழு வருஷம் ஆகிறது. அக்கா எங்கள் தெருவுக்கு வாழ வந்து பதினெட்டு வருஷம் ஆகிறது. நல்லவேளையாகப் பூக்காரம்மா அடையாளம் கண்டு, மூச்சிரைக்க என் வீட்டுக்கு ஓடி வந்தார்.

சிராய்ப்போடு போயிற்று. ராத்திரி காப்பியும் கையுமாக அக்கா பக்கத்தில் உட்கார்ந்து அந்த அட்டையை நானும் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். தூக்கிவாரிப் போட்டது.

"அக்கா, இது முடிஞ்சு மூணு மாசம் ஆச்சே!"

"என்னடி சொல்றே? மூணு மாசமா லைசென்ஸ் இல்லாமலா பிள்ளைங்களை ஏத்திட்டுப் போயிட்டிருந்தேன்?"

நம்மில் எத்தனை பேர் லைசென்ஸை எடுத்து ஒரு தடவையாவது படித்திருக்கிறோம்? எட்டு போட்டுக் காட்டி வாங்கியதோடு சரி. போலீஸ்காரர் கேட்டால் நீட்டுகிற அட்டை என்று பர்ஸில் போட்டுவிடுகிறோம். நமக்குப் பேச வாய் வராத நேரத்தில் நமக்காகப் பேசப் போவது அந்த அட்டைதான். அது சரியாகப் பேசுமா என்று இன்றைக்கே பார்த்துவிடுங்கள்.

எண்ணுக்குள் ஒரு ஊர்

லைசென்ஸ் எண் நீளமாக இருக்கிறதே என்று மலைக்க வேண்டாம். முதல் இரண்டு எழுத்து மாநிலம். தமிழ்நாட்டுக்கு டி.என்., புதுச்சேரிக்கு பி.ஒய். அடுத்த இரண்டு இலக்கம் ஆர்.டி.ஓ. ஆபீஸ். நம் திருவண்ணாமலைக்கு 25, வேலூருக்கு 23. வண்டி நம்பர் பிளேட்டில் பார்க்கிறோமே, அதே கணக்குதான். அதற்கடுத்த நான்கு இலக்கம் லைசென்ஸ் முதன்முதலில் கொடுத்த வருஷம். கடைசி ஏழு இலக்கம் உங்களுக்கென்று உள்ள எண்.

கல்யாணமாகி ஊர் மாறினாலும் இந்த எண் மாறுவதில்லை. அக்காவின் எண் என்றைக்கும் 23-தான், அதில் தப்பில்லை. விலாசத்தை மாற்றாமல் விட்டதுதான் தப்பு.

தேதிதான் முக்கியம்

அக்கா லைசென்ஸ் எடுத்தது 2005-ல். அன்றைய சட்டப்படி சொந்த வண்டி ஓட்டுகிறவர்களுக்கு 20 வருஷம் அல்லது 50 வயது, இரண்டில் எது முதலில் வருகிறதோ அதுவரைக்கும் செல்லும். ஆகவே 2025-ல் முடிந்துவிட்டது.

2019-ல் மோட்டார் வாகனச் சட்டத்தைத் திருத்தினார்கள். அதன்படி 30 வயதுக்குள் எடுத்தால் 40 வயது வரைக்கும் செல்லும். 30-லிருந்து 50 வயதுக்குள் எடுத்தாலும் புதுப்பித்தாலும் 10 வருஷம். 50-லிருந்து 55-க்குள் என்றால் 60 வயது வரை. அதற்கு மேல் ஐந்தைந்து வருஷம்.

முடிகிற தேதிக்கு ஒரு வருஷம் முன்னாலிருந்தே புதுப்பிக்கலாம். முடிந்து ஒரு வருஷத்துக்குள் என்றாலும் புதுப்பித்துவிடலாம். அதையும் தாண்டினால் மறுபடியும் ஓட்டிக் காட்ட வேண்டும். முன்பெல்லாம் தேதி முடிந்தாலும் 30 நாள் சலுகை உண்டு. 2019 திருத்தத்தில் அதை எடுத்துவிட்டார்கள். 40 வயது தாண்டியவர்கள் புதுப்பிக்கும்போது டாக்டரிடம் '1ஏ' என்ற படிவத்தில் சான்றிதழ் வாங்க வேண்டும். அந்தச் சாக்கில் கண்ணையும் பரிசோதித்துக்கொள்ளுங்களேன்.

"ஒரு நாள் தாமதமானா என்ன ஆயிடும்?" என்று கேட்கலாம். அபராதம் 5,000 ரூபாய் ஒரு பக்கம். அந்த நேரம் பார்த்து யார் மீதாவது மோதிவிட்டால், இன்ஷ்யூரன்ஸ் கம்பெனி நஷ்ட ஈட்டைக் கொடுத்துவிட்டு அந்தத் தொகையை வண்டி உரிமையாளரிடமிருந்தே வசூலிக்க நேரலாம். ஒரு குடும்பத்தின் சேமிப்பே கரைந்துபோகும்.

எந்த வண்டி ஓட்டலாம்?

2019 அக்டோபரிலிருந்து நாடு முழுவதற்கும் ஒரே மாதிரி அட்டை என்று விதி வந்தது. அதன் பின்பக்கம் வண்டி வகை சுருக்கெழுத்தில் இருக்கும்.

எம்.சி.டபிள்யூ.ஓ.ஜி. – கியர் இல்லாத இரு சக்கர வண்டி.
எம்.சி.டபிள்யூ.ஜி. – கியர் உள்ள மோட்டார் சைக்கிள்.
எல்.எம்.வி. – கார் போன்ற இலகுரக வண்டி.
என்.டி. – சொந்த உபயோகம்.
டி.ஆர். – வாடகை, போக்குவரத்து உபயோகம்.

என்.டி.க்கும் டி.ஆருக்கும் முடியும் தேதி தனித்தனியாக இருக்கும். டி.ஆர். ஐந்து வருஷம்தான். வீட்டுக்காரர் சொந்தக் காரும் வாடகை வேனும் ஓட்டுகிறவரானால் இரண்டு தேதியையும் பாருங்கள். மலைப்பாதைக்கும், ஆபத்தான சரக்கு ஏற்றுவதற்கும் தனி இடம் அட்டையில் உண்டு. பேட்ஜ் எண்ணுக்கும் ஓர் இடம் இருக்கிறது.

எல்.எல்.ஆர். மட்டும் வைத்திருக்கும் சகோதரிகளுக்கு ஒரு வார்த்தை. அது ஆறு மாசம் செல்லும். 30 நாள் கழித்து நிரந்தர லைசென்ஸுக்குப் போகலாம். அதுவரை ஸ்கூட்டரின் பின்னால் கற்றுக்கொடுப்பவரைத் தவிர வேறு யாரையும் ஏற்றக்கூடாது. "ஸ்கூல் பக்கத்துலதானே" என்று குழந்தையை ஏற்றாதீர்கள்.

பதினாறு வயசுப் பிள்ளை

"பதினாறு ஆச்சு, கியர் இல்லாத வண்டிக்கு லைசென்ஸ் குடுப்பாங்களாம், வாங்கிக் கொடும்மா" என்று பிள்ளைகள் அரிக்கிறார்கள். கொடுப்பார்கள், பெற்றோர் சம்மதத்தோடு. ஆனால் அது 50 சி.சி.க்கு உட்பட்ட வண்டிக்கு மட்டும். 1980-ல் வந்த டி.வி.எஸ். 50 அந்த ரகம். இன்றைக்கு மளிகைக்கடைக்காரர் மூட்டை ஏற்றிப் போகும் எக்ஸ்.எல். 100 கிட்டத்தட்ட 100 சி.சி. நாம் ஓட்டும் ஸ்கூட்டர்கள் 110, 125. கியர் இல்லை என்பதால் பதினாறு வயது லைசென்ஸுக்கு அது பொருந்திவிடாது. 18 வயது ஆகியே தீர வேண்டும்.

மீறினால்? பெற்றோர் அல்லது வண்டி உரிமையாளருக்கு 25,000 ரூபாய் அபராதமும் மூன்று வருஷம் வரை சிறையும் என்று சட்டம் சொல்கிறது. வண்டியின் பதிவு ஒரு வருஷத்துக்கு ரத்தாகும். பிள்ளைக்கு 25 வயது வரை லைசென்ஸ் கிடையாது. ஆசைக்குச் சாவியைக் கொடுக்கிற கை நம்முடையதாக இருக்க வேண்டாம்.

வெளிநாட்டு விருந்தாளி

ஆசிரமப் பக்கம் வீட்டின் ஒரு பகுதியை வாடகைக்கு விடுகிறவர்கள் அதிகம். வந்து தங்கும் வெளிநாட்டுக்காரர், "உங்க ஸ்கூட்டரை ஒரு நாள் தருவீங்களா?" என்று கேட்டால், முகத்துக்காகக் கொடுத்துவிடாதீர்கள். அவரிடம் சர்வதேச ஓட்டுநர் அனுமதி இருக்கிறதா, அதில் எந்தப் பிரிவில் முத்திரை இருக்கிறது என்று பாருங்கள். 'ஏ' என்றால் மோட்டார் சைக்கிள். 'பி' என்றால் கார். வெறும் 'பி' வைத்திருப்பவர் ஸ்கூட்டர் ஓட்டக்கூடாது. தகுதியில்லாதவரிடம் வண்டியைக் கொடுத்தால் கொடுத்தவருக்கும் 5,000 ரூபாய் அபராதம் உண்டு.

ஐரோப்பிய நாட்டு அட்டைகளில் எல்லாமே எண் கணக்கு. 4பி என்ற இடத்தில் முடியும் தேதி. 12-வது இடத்தில் '01' இருந்தால், கண்ணாடி அல்லது லென்ஸ் போட்டுத்தான் ஓட்ட வேண்டும்.

உயிர் காக்கும் இரண்டு வரி

புது அட்டையில் ரத்தப் பிரிவு, அவசரத்துக்கு அழைக்க வேண்டிய எண், உடல் உறுப்பு தானத்துக்குச் சம்மதமா என்ற விவரம் ஆகியவற்றுக்கு இடம் உண்டு.

ரத்தப் பிரிவு நாம் சொல்லி எழுதியது. அதை மட்டும் நம்பி எந்த ஆஸ்பத்திரியிலும் ரத்தம் ஏற்றுவதில்லை, பரிசோதித்த பிறகுதான். ஆனாலும் தப்பாக எழுதியிருந்தால் வீண் குழப்பம்தானே! சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

உறுப்பு தானத்துக்குச் சம்மதம் என்று எழுதியிருந்தாலும் அந்த நேரத்தில் டாக்டர்கள் வீட்டாரைத்தான் கேட்பார்கள். திருக்கழுக்குன்றம் டாக்டர் தம்பதியர் 2008-ல், விபத்தில் மூளைச்சாவு அடைந்த தங்கள் மகன் ஹிதேந்திரனின் உறுப்புகளைத் தானம் செய்ததை மறக்க முடியுமா? உங்கள் விருப்பம் எதுவானாலும் வீட்டில் வாய்விட்டுச் சொல்லி வையுங்கள்.

லைசென்ஸை டிஜிலாக்கரிலோ எம்-பரிவாகன் செயலியிலோ காட்டினாலும் செல்லும். ஆனால் பூட்டிய செல்போன் பேசாது. அக்கா விஷயத்தில் பார்த்தோமே! பழைய அட்டையில் அவசர எண் இல்லையென்றால், ஒரு துண்டுச் சீட்டில் கணவர் எண், இன்னொரு உறவினர் எண், உங்களுக்கு ஒத்துக்கொள்ளாத மருந்து, சர்க்கரையோ ரத்தக் கொதிப்போ இருந்தால் அதையும் எழுதி லைசென்ஸ் உறைக்குள் செருகி வையுங்கள். காலணா செலவில்லை.

அக்கா மறுநாளே பரிவாகன் இணையதளத்தில் மனு போட்டார். டாக்டர் சான்றிதழ் வாங்கினார். விலாசத்தையும் மாற்றச் சொல்லிவிட்டார். புது அட்டை வீட்டுக்கு வரும் வரைக்கும் ஸ்கூட்டரைத் தொடவே இல்லை. பையனை நடத்தியே கூட்டிப்போனார்.

அட்டை வந்த அன்று என்னிடம் நீட்டி, "படிச்சுப் பாருடி, இப்பச் சரியாப் பேசுதா?" என்றார்.

திருவண்ணாமலை விலாசம். 2035 வரை தேதி. அவசர எண் இருக்கும் இடத்தில் அவர் வீட்டுக்காரர் நம்பர்.

சரியாகத்தான் பேசியது. உங்களுடையது?