கைக்குட்டைக் கதையும் நடந்த காரியமும்

அமெரிக்கக் குற்றவாளிகளின் சரித்திரத்தில் லக்கி லூசியானோவைப் போல் கட்டுக்கதைகளுக்கு நாயகனானவன் வேறொருவன் உண்டா என்பது சந்தேகமே. ஒரே இரவில் நாடெங்குமுள்ள எதிரிகளைக் கொன்று குவித்தான் என்பார்கள். சிறையிலிருந்தபடியே பிரம்மாண்டமான கப்பல் ஒன்றைக் கொளுத்தச் செய்தான் என்பார்கள். அவன் பெயரின் முதலெழுத்தைத் தாங்கிய பட்டுத் துணி ஒன்றே ஸிஸிலித் தீவின் கதவை அமெரிக்கப் படைக்குத் திறந்துவிட்டது என்பார்கள். சினிமாக்காரர்கள் இப்படிச் சொல்வதில் நமக்கு வியப்பில்லை. ஆனால் அரசியல் பேசும் அன்பர்களும், "அமெரிக்கா மாபியாவைக் கொண்டல்லவா ஸிஸிலியைப் பிடித்தது!" என்று மேடையில் முழங்கிக் கைதட்டல் வாங்குகிறார்கள். வல்லரசுகளின் கபடத்தை எடுத்துக்காட்ட இது வெகு வசதியான கதைதான். வசதியாக இருப்பதனாலேயே அதைச் சற்றுத் தட்டிப் பார்க்க வேண்டும் என்கிறோம்.

லூசியானோ 1897-ம் வருஷத்தில் ஸிஸிலியின் கந்தகச் சுரங்க ஊராகிய லெர்காரா ப்ரித்தியில் பிறந்தவன். ஸால்வத்தோரே லூகானியா என்பது பெற்றோர் இட்ட பெயர். பத்து வயது நிறையுமுன் அவனை நியூயார்க்குக்கு அழைத்துச் சென்றுவிட்டனர். இந்த விவரத்தை வாசகர்கள் நினைவில் வைத்திருக்க வேண்டும், பின்னால் வேண்டியிருக்கும். மதுவிலக்குக் காலத்தில் கள்ளச்சாராய வியாபாரத்தில் வளர்ந்தான். 1931 ஏப்ரலில் அவனுடைய தலைவன் மாஸரியாவும், செப்டம்பரில் மாஸரியாவின் பகைவன் மரன்ஸானோவும் கொலையுண்டார்கள். இவ்விரு கொலைகளாலும் லாபமடைந்தவன் லூசியானோ என்பதில் தகராறில்லை. ஆனால் மரன்ஸானோ மாண்ட அன்று நாற்பது பேர், அறுபது பேர், தொண்ணூறு பேர் என்று நாடு முழுவதும் மடிந்ததாகச் சொல்வது வேறு சங்கதி. அந்நாளையப் பத்திரிகைகளை ஊர் ஊராகப் புரட்டிப் பார்த்த ஆராய்ச்சியாளர்களுக்கு, விரல்விட்டு எண்ணக்கூடிய கொலைகளுக்கு மேல் அகப்படவில்லை. அத்தனை பிணங்களை எந்தப் பத்திரிகை நிருபரும் காணாமல் மறைப்பது எளிதா என்று கேட்டிருந்தால், இந்தக் கதை அன்றே செத்திருக்கும்.

1936-ல் நியாயஸ்தலம் அவனுக்கு 30 முதல் 50 வருஷம் வரை சிறைவாசம் விதித்தது. எதற்காக? கொலைக்கன்று, கள்ளச்சாராயத்துக்கும் அன்று. பெண்களை விபசாரத்தில் ஈடுபடுத்திப் பணம் பறித்த குற்றத்துக்காக. குற்றத்தலைப்புகள் 62. வழக்கை நடத்தியவர் தாமஸ் டூயி. அந்த விடுதிகளில் உழன்ற பெண்களே கூண்டேறிச் சாட்சி சொன்னார்கள். சாட்சிகளில் சிலர் பின்னர் பேச்சை மாற்றியதும் உண்மை. மறு விசாரணை கோரிய மனு தள்ளப்பட்டதும் உண்மை. லூசியானோவை மகா சாணக்கியனாகச் சித்திரிக்கும் நூல்கள் இந்தப் பெண்களைப் பற்றி ஒரு பக்கம் எழுதினாலே அதிகம்.

இனி யுத்த காலம். 1942 பிப்ரவரி 9-ந் தேதி, துருப்புக் கப்பலாக மாற்றப்பட்டு வந்த 'நார்மண்டி' என்ற பிரெஞ்சுக் கப்பல் நியூயார்க் துறையில் எரிந்து கவிழ்ந்தது. லூசியானோவின் ஆட்கள்தான் சர்க்காரைப் பணியவைக்கத் தீ வைத்தார்கள் என்று பின்னர் வீரம் பேசினார்கள். விசாரணையில் கண்டதோ, உலோகம் அறுக்கும் வேலையில் பறந்த பொறி உயிர்காப்பு மிதவைக் குவியலில் விழுந்து பற்றிக்கொண்டது என்பதே. நடவாத காரியத்துக்கு உரிமை கொண்டாடுவது இவ்வகையாரின் வழக்கம்.

ஆயினும் கப்பற்படையாரின் பயம் பொய்யன்று. ஜெர்மன் நீர்மூழ்கிகள் அட்லாண்டிக் கரையோரம் கப்பல்களை மூழ்கடித்துக்கொண்டிருந்தன. துறைமுகத்தில் ஒற்றர் புகுந்துவிடுவாரோ என்று அஞ்சிய கப்பற்படை உளவுப் பகுதியார், முதலில் புல்டன் மீன் சந்தையின் தாதாவான லான்ஸாவை நாடினர். அவன் செல்வாக்கு எட்டாத இடங்களுக்காக, வக்கீல் போலகாப், மேயர் லான்ஸ்கி ஆகியோர் மூலம் சிறையிலிருந்த லூசியானோவிடம் சென்றனர். 1942 மே மாதத்தில் தூரத்து டானமோரா சிறையிலிருந்து கிரேட் மெடோ சிறைக்கு அவன் மாற்றப்பட்டான். பேச்சுக்கள் அங்கே நடந்தன. இது கதையன்று. ஒரு ஜனநாயக சர்க்காரின் படை அதிகாரிகள், தம் நியாயஸ்தலமே தண்டித்த ஒருவனிடம் துறைமுகத்தின் அமைதிக்காக உதவி கேட்டனர். 1946 ஜனவரியில், அப்பொழுது நியூயார்க் கவர்னராயிருந்த அதே டூயி அவனுடைய தண்டனையைக் குறைத்தார். அடுத்த மாதம் அவன் இத்தாலிக்கு நாடு கடத்தப்பட்டான். அவன் அளித்த உதவியின் மதிப்பு எவ்வளவு என்பதை டூயியே திட்டமாகச் சொல்லவில்லை.

டூயி லஞ்சம் வாங்கினார் என்று வதந்தி கிளம்பிற்று. 1954-ல் ஹெர்லாண்ட்ஸ் என்ற அதிகாரி சாட்சியம் திரட்டி விரிவான அறிக்கை தயாரித்தார். அதை வெளியிட வேண்டாம் என்று கப்பற்படை கேட்டுக்கொண்டது. 1977-ல் ஒரு நூல் வாயிலாக அதன் விவரங்கள் வெளிவரும்வரை 23 வருஷம் அது பெட்டியில் உறங்கிற்று. உண்மையைப் பூட்டி வைத்தால் அந்த இடத்தில் என்ன முளைக்கும்? லூசியானோ 1962-ல் நேப்பிள்ஸ் விமான நிலையத்தில் மாரடைப்பால் இறந்தபின், அவன் வாய்மொழி என்று பெயரிட்டு ஒரு தடித்த புஸ்தகம் வந்தது. அதிலுள்ள பிழைகளைப் பத்திரிகைகள் எடுத்துக்காட்டிய பிறகும் அது நன்றாக விலைபோயிற்று!

ஸிஸிலிக் கதையும் இந்த இருட்டில் கொழுத்ததே. 1943 ஜூலை 10-ந் தேதி நேச நாட்டுப் படைகள் தீவில் இறங்கின. நான்கு நாள் கழித்து வில்லால்பா என்ற சிற்றூரின் மேல் ஓர் அமெரிக்க விமானம் தாழப் பறந்து, கறுப்பில் 'எல்' என்ற எழுத்துப் பொறித்த மஞ்சள் பட்டுத் துணியைப் போட்டதாம். 20-ந் தேதி அதே அடையாளக் கொடியுடன் டாங்கிகள் வந்து, ஊர் மாபியாத் தலைவன் கலோஜெரோ விட்ஸினியை ஏற்றிச் சென்றனவாம். அவன் சொல்லுக்கு இத்தாலியச் சிப்பாய்கள் ஆயுதத்தைக் கீழே போட்டார்களாம். இதைப் பரப்பியவர் அவ்வூர்க்காரரும் விட்ஸினியின் அரசியல் விரோதியுமான பந்தலேயோனே. அவருடைய நூல் 1962-ல் வெளிவந்தது. ஸால்வத்தோரே லூபோ, பிரான்செஸ்கோ ரெந்தா போன்ற சரித்திராசிரியர்கள் இதை ஒப்புக்கொள்வதில்லை. பத்து வயதுக்குள் தீவை விட்டவனுக்கும், நாட்டின் உட்புறத்துக் கிழவன் ஒருவனுக்கும் இடையே அத்தகைய பந்தம் இருந்ததற்குச் சான்று இல்லை. தீவின் மேற்குப் பகுதி விரைவில் விழுந்ததற்குக் காரணம் வெளிப்படை. ஜெர்மானியர் வடகிழக்கே பின்வாங்கிவிட்டனர். முஸோலினிக்காகச் சாக இத்தாலியச் சிப்பாய்களுக்கு மனமில்லை. எஞ்சிய இடங்களில் ட்ரோயினாவிலும் எட்னா மலையடியிலும் யுத்தம் கடுமையாகவே நடந்தது. ஆகஸ்ட் 17 வரை 38 நாள். நேச நாட்டார் பக்கம் மட்டும் மாண்டோரும் காயமுற்றோரும் பிடிபட்டோரும் 20,000-க்கு மேல். கைக்குட்டை வென்ற யுத்தம் இதுவானால், அத்தனை பேர் எதற்காக விழுந்தார்கள்?

கப்பற்படை உளவாளிகள் நியூயார்க்கிலுள்ள ஸிஸிலியரிடம் கடற்கரைப் படங்களும் ஊர்ப் பெயர்களும் சேகரித்தது உண்மை. அவ்வளவே.

விஷயத்தின் சாரம் பின்னால் நடந்ததில் இருக்கிறது. ராணுவ நிர்வாகத்துக்கு ஊர்தோறும் மேயர்கள் வேண்டியிருந்தனர். 1925-க்குப் பின் பலெர்மோவின் அதிகாரியாயிருந்த மோரி, மாபியாவை நசுக்கியவர். ஆகவே மாபியாக்காரன் ஒவ்வொருவனும் தன்னைப் பாஸிஸ்ட் விரோதி என்று சொல்லிக்கொள்ள முடிந்தது. நிலப்பிரபுக்களும் பரிந்துரைத்தனர். விட்ஸினி வில்லால்பாவின் மேயரானான். இதற்கு நியூயார்க்கிலிருந்து ரகசியக் கட்டளை எதற்கு? உள்ளூர்ப் பெரிய மனிதரைப் பிடித்து ஊரை ஒப்படைப்பது அந்நிய நிர்வாகம் எங்கும் செய்யும் காரியந்தானே! அதற்கு விலை கொடுத்தவர்கள் நிலமற்ற குடியானவர்கள்.

1944 செப்டம்பர் 16-ந் தேதி கம்யூனிஸ்ட் தலைவர் ஜிரோலாமோ லி காவ்ஸி வில்லால்பா சதுக்கத்தில் பேச வந்தார். பெரிய குத்தகைக்காரன் ஒருவன் உழவரை ஏமாற்றுவதைப் பற்றி அவர் சொல்லத் தொடங்கியதும் கூச்சல் எழுந்தது, துப்பாக்கிகள் வெடித்தன, வெடிகுண்டுகளும் விழுந்தன. பத்துப் பேருக்கு மேல் காயமுற்றனர். லி காவ்ஸியின் காலில் குண்டு பாய்ந்தது. விட்ஸினி மீதும் அவன் ஆட்கள் மீதும் தொடுத்த வழக்கு 1958 வரை இழுத்துக்கொண்டு போயிற்று. விட்ஸினி 1954-லேயே, தண்டனை எதுவும் இன்றி, இயற்கையாக இறந்துவிட்டான்.